பாலே பயின்ற உடல் கேமரா முன் என்ன செய்கிறது? அலீசியா விகாண்டரை முன்வைத்து ஓர் அறிமுகம்

2015ஆம் ஆண்டு திரையரங்குகளுக்கு வந்த ‘எக்ஸ் மாக்கினா’ படத்தைப் பார்த்தவர்கள் மறக்காத காட்சி ஒன்று உண்டு. மனிதர்களை விட்டு ஒதுங்கி மலைநாட்டு மாளிகையில் வாழும் கணினி மேதை திடீரென்று பாட்டைப் போட்டுவிட்டு, தன் பணிப்பெண் கியோக்கோவுடன் அடிக்கு அடி ஒத்துப்போகும் ஓர் ஆட்டத்தை ஆடுவார். கியோக்கோவாக நடித்த சோனோயா மிசுனோ, பாலே என்ற மேற்கத்தியச் செவ்வியல் நடனத்தைக் கற்றுத்தரும் லண்டனின் ராயல் பாலே பள்ளியில் பயின்றவர். ஆகவே அந்தக் காட்சியில் அவர் கால்கள் அவ்வளவு கச்சிதமாக விழுவதில் வியப்பில்லை. ஆனால் அதே படத்தின் நாயகியும் பாலே பள்ளியில் பல ஆண்டுகள் பயின்றவர்தான் என்பதும், படம் முழுவதிலும் அவர் ஓர் அடிகூட ஆடுவதில்லை என்பதும் பலர் கவனிக்காமல் விட்டுவிடும் செய்தி. ஏவா என்ற இயந்திரப் பெண்ணாக நடித்த ஸ்வீடன் நாட்டு நடிகை அலீசியா விகாண்டரின் நடனம் அந்தப் படத்தில் எங்கே போயிற்று என்று தேடினால், இந்தக் கட்டுரை விளக்க முற்படும் கருத்து கையில் அகப்பட்டுவிடும்.

அந்தக் கருத்தை உடல்வழி நடிப்பு என்று சொல்லலாம். ஒரு பாத்திரத்தின் மனநிலையையும் பின்புலத்தையும் வசனத்தின் மூலமாக மட்டுமன்றி நடை, நிற்கும் விதம், கழுத்தின் சாய்வு, கையின் வேகம், அசையாமல் இருக்கும் நேரம் ஆகியவற்றின் மூலமாகவும் பார்ப்பவருக்கு உணர்த்துவதே அது. எல்லா நடிகர்களும் ஓரளவுக்கு இதைச் செய்கிறார்கள். ஆயினும், சிறு வயதிலேயே கடுமையான நடனப் பயிற்சிக்கு உட்பட்ட ஒருவர் நடிப்புக்கு வரும்போது, அவருக்குப் பிறரிடம் இல்லாத சில வசதிகளும், பிறருக்கு நேராத சில சங்கடங்களும் சேர்ந்தே வருகின்றன. நடனம் கற்றவர் ‘அழகாக அசைவார்’ என்பதே பொதுவான எண்ணம். என் பார்வையில் அந்த அழகு அவருக்குக் கிடைக்கும் ஆதாயங்களில் மிகச் சிறியது. சில பாத்திரங்களில் அதுவே தொல்லையும்கூட.

விகாண்டர் 1988 அக்டோபர் 3ஆம் நாள் ஸ்வீடனின் மேற்குக் கரையிலுள்ள கோத்தன்பர்க் நகரில் பிறந்தார். தாய் மேடை நாடக நடிகை. தந்தை மனநல மருத்துவர். ஏறத்தாழ ஏழு வயதிலேயே, ஆபா இசைக்குழுவைச் சேர்ந்த பென்னி ஆண்டர்சனும் பியோர்ன் உல்வேயஸும் உருவாக்கிய ‘கிறிஸ்டினா ஃப்ரோன் டூவமோலா’ என்ற இசை நாடகத்தில் குழந்தைப் பாத்திரமாகக் கோத்தன்பர்க் மேடையில் ஏறினார். ஒன்பது வயதில் பாலே பள்ளியில் சேர்ந்தார். பதினைந்து வயதில் வீட்டை விட்டுத் தனியே ஸ்டாக்ஹோமுக்குச் சென்று, ஸ்வீடனின் அரச பாலே பள்ளியில் பயிற்சியைத் தொடர்ந்தார். ஒரு கோடையில் நியூயார்க்கிலுள்ள ஸ்கூல் ஆஃப் அமெரிக்கன் பாலேயிலும் பயின்றார். ஸ்வீடனில் இந்தக் கலைக்கு வேர் ஆழம்: அரச பாலே குழுவை மூன்றாம் குஸ்தாவ் மன்னர் 1773இல் தொடங்கிவைத்தார்.

பாலே வகுப்பை நேரில் பார்க்காதவர்களுக்கு அது எப்படி நடக்கும் என்று சொல்லிவிடுவது நல்லது, ஏனென்றால் மேடையில் தெரியும் துள்ளலும் சுழற்சியும் வகுப்பின் பெரும்பகுதியில் இருப்பதில்லை. சுவரோரம் இடுப்பு உயரத்தில் ஒரு மரக்கம்பு ஓடும். அதைப் ‘பார்’ என்பார்கள். மாணவி ஒரு கையை அதன்மேல் வைத்துக்கொண்டு, முதுகை நிமிர்த்தி, முழங்கால்களை மெதுவாக மடக்கி நிமிர்த்தும் ‘பிளியே’ என்ற பயிற்சியிலிருந்து ஒவ்வொரு நாளையும் தொடங்குகிறாள். முன்னணி நடனக் கலைஞராக உயர்ந்த பிறகும் காலையில் இதே கம்பு, இதே பிளியே. யாருக்கும் விலக்கு இல்லை. எதிரே சுவர் முழுக்கக் கண்ணாடி. ஆசிரியர் எட்டு எட்டாக எண்ணிக்கொண்டே நடந்துவந்து, ஒருத்தியின் தோளைக் கீழே அழுத்துவார். இன்னொருத்தியின் முழங்காலை வெளிப்புறமாகத் திருப்புவார். தவறை எல்லார் முன்னிலையிலும் உரக்கச் சொல்வார். மாணவி அதற்குப் பதில் பேசுவதில்லை. அடுத்த எட்டு எண்ணிக்கைக்குள் திருத்திக் காட்டுகிறாள், அவ்வளவுதான்.

இதைத் திரைப்படத் தளத்தின் தேவைகளோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். நடிகர் நடந்துவந்து நிற்க வேண்டிய இடத்தில் தரையில் ஒரு நாடாத் துண்டு ஒட்டப்பட்டிருக்கும்; அதை ‘மார்க்’ என்பார்கள். அந்த இடத்துக்கு ஏற்பத்தான் ஃபோகஸும் ஒளியும் அமைக்கப்பட்டிருக்கும் என்பதால், சற்றே தள்ளி நின்றாலும் முகம் மங்கலாகிவிடும். அதற்காகக் குனிந்து பார்த்துக்கொண்டே நடந்துவரவும் முடியாது. ஒரே காட்சியைத் தொலைவிலிருந்து ஒரு முறையும், தோளுக்குப் பின்னாலிருந்து ஒரு முறையும், முகத்துக்கு அருகிலிருந்து ஒரு முறையும் எடுப்பார்கள். ஒவ்வொரு கோணத்துக்கும் பல டேக்குகள் போகும். எந்தச் சொல்லில் கோப்பையை எடுத்தாரோ, அதே சொல்லில், அதே கையால், ஒவ்வொரு முறையும் எடுத்தாக வேண்டும். தவறினால் படத்தொகுப்பில் துண்டுகள் ஒட்டாது. இதைத்தான் கன்டினியூட்டி என்கிறார்கள். பத்தாவது டேக்கில் இயக்குநர் வந்து, எல்லாம் சரி, தலையை மட்டும் அரை நொடி தாமதமாகத் திருப்புங்கள் என்பார்.

நாடக மரபில் வந்த நடிகர் ஒருவருக்கு இது எரிச்சலூட்டக்கூடும். உணர்ச்சியில் ஆழ்ந்திருக்கும்போது கையையும் காலையும் கணக்கிடுவது எளிதன்று. பாலே பயின்றவருக்கோ, கணக்கு உடலுக்குள்ளேயே இறங்கிவிட்டிருக்கிறது. அசைவை நினைவில் வைத்திருப்பது தசையின் வேலையாகிவிட்டதால், மனம் காட்சியில் ஈடுபட விடுதலை பெறுகிறது. திருத்தத்தை அவமானமாக எடுத்துக்கொள்ளாமல் உடனே செயலில் காட்டும் பழக்கமும் சேர்ந்துகொள்கிறது. முதல் ஆதாயம் இதுதான். பார்வையாளர் கண்ணுக்கு இது தெரியவே தெரியாது.

காயங்கள் நடன வாழ்வைத் தடுத்தபோது விகாண்டர் நடிப்பின் பக்கம் முழுமையாகத் திரும்பினார். நாடகப் பள்ளிக்கு விண்ணப்பித்தும் இடம் கிடைக்கவில்லை. சட்டப் படிப்பில் சேர இடம் கிடைத்திருந்த வேளையில்தான் திரை வாய்ப்பு அவரை வேறு பாதையில் இழுத்தது. அதற்கு முன்பே கோத்தன்பர்க்கில் நடக்கும் கதையாக 2007இல் தொடங்கிய ‘ஆண்ட்ரா அவெனின்’ என்ற தொலைக்காட்சித் தொடரில் நடித்திருந்தார். தொடர் நடிப்பை ஏளனமாகப் பேசுவது வழக்கம். ஆனால் பாலே பள்ளி கற்றுத்தராத ஒன்று உண்டு என்றால் அது குரல்; மாணவி அங்கே ஆண்டுக்கணக்கில் வாயைத் திறக்காமலேயே தேர்ச்சி பெற்றுவிடலாம். பக்கம் பக்கமாக வசனத்தை மனப்பாடம் செய்து நாள்தோறும் பேசியாக வேண்டிய தொடர், அந்தக் குறையை ஈடுசெய்யப் பொருத்தமான இடம் என்றே எனக்குத் தோன்றுகிறது.

இனி அந்தப் பயிற்சியால் வரும் சங்கடத்துக்கு வருவோம். பாலே பயின்றவரைத் தெருவில் நடக்கும்போதே அடையாளம் காணலாம் என்பார்கள். இடுப்பு மூட்டிலிருந்தே கால்களை வெளிப்புறமாகத் திருப்பி நிற்கும் ‘டர்ன்அவுட்’ என்ற நிலை ஆண்டுக்கணக்கில் பழகிப்போவதால், பாதங்கள் சாதாரண நடையிலும் பக்கவாட்டில் விரிந்தே விழும். முதுகு நிமிர்ந்திருக்கும், கழுத்து நீண்டிருக்கும், தோள்கள் கீழே இறங்கியிருக்கும். அரசிக்கு இது பொருந்தும். வேலையில்லாமல் திரியும் ஏழைப் பெண்ணுக்குப் பொருந்துமா? விகாண்டரின் முதல் முழுநீளத் திரைப்படம் இந்தக் கேள்வியைத்தான் அவர் முன் வைத்தது. 2010இல் லிசா லாங்செத் இயக்கிய ‘பியூர்’ என்ற ஸ்வீடிஷ் படத்தில், சிதைந்த குடும்பத்தில் வளர்ந்து, தற்செயலாக மோட்சார்ட்டின் இசையைக் கேட்டு அதில் தன்னை இழந்து, கோத்தன்பர்க் இசை அரங்கில் வரவேற்பாளர் வேலைக்கு வந்து சேரும் கத்தரீனா என்ற இளம்பெண்ணாக அவர் நடித்தார். பண்பட்டவர்களின் உலகத்துக்குள் நுழைய ஏங்கும் இவளுக்கு அந்த உலகத்தின் நிமிர்வு இயல்பாக வந்துவிட்டால் கதையே இல்லை. கற்றதை உடலிலிருந்து கழற்றி வைக்க வேண்டிய வேலை அது. அந்தப் பாத்திரத்துக்காக ஸ்வீடனின் தேசியத் திரைப்பட விருதான குல்ட்பாக்கேயைச் சிறந்த நடிகைக்காகப் பெற்றார். லாங்செத்துடன் பின்னர் ‘ஹோட்டல்’, ‘யூஃபோரியா’ ஆகிய படங்களிலும் பணியாற்றினார்.

அடுத்து வந்தது நேர் எதிரான தேவை. 2012இல் வெளியான ‘எ ராயல் அஃபேர்’ என்ற டென்மார்க் படத்தில், மனநலம் குன்றிய மன்னர் ஏழாம் கிறிஸ்டியனுக்கு மணமுடித்து வைக்கப்பட்டு, அரண்மனை மருத்துவர் ஸ்ட்ரூயன்சேயிடம் காதல் கொள்ளும் இங்கிலாந்து இளவரசி கரோலின் மத்தில்டாவாக அவர் நடித்தார். டேனிஷ் மொழியைக் குறுகிய காலத்தில் கற்றுக்கொண்டு நடித்தார். ஸ்வீடிஷும் டேனிஷும் எழுத்தில் நெருங்கிய உறவினர். உச்சரிப்பில் அப்படியன்று, ஸ்வீடன்காரர்களே தடுமாறுவார்கள். அந்நிய மொழியில் பேசும் நடிகருக்கு நாக்கின்மேல் முழு நம்பிக்கை வருவதற்கு முன்பே உடல் பாத்திரத்தைத் தாங்கிப் பிடித்துவிடுகிறது என்பதை இந்தப் படத்தில் பார்க்கலாம். பிறகு அவருடைய பெரும்பாலான படங்கள் ஆங்கிலத்தில், அதாவது தாய்மொழி அல்லாத ஒன்றில் அமைந்தன என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும்.

இந்தப் படத்தில் தற்செயலாக அமைந்த ஒரு பொருத்தமும் உண்டு. மருத்துவராக நடித்த மேட்ஸ் மிக்கெல்சனும் நடிகராவதற்கு முன் பல ஆண்டுகள் தொழில்முறை நடனக் கலைஞராக இருந்தவர். டென்மார்க்கில் பிறந்த அவர் நடனம் பயின்ற ஊர்களில் கோத்தன்பர்க்கும் ஒன்று. முகமூடி விருந்தில் அரசியும் மருத்துவரும் சேர்ந்து ஆடும் காட்சியில் இருவருமே ஆடத் தெரிந்தவர்கள் என்பதால், அடிகளைப் பற்றிய கவலை எதுவும் முகத்தில் தெரியாது. சுற்றிலும் அரசவையினர் பார்த்துக்கொண்டிருக்க, கால்கள் தம் போக்கில் விதிப்படி நடந்துகொண்டிருக்க, கண்கள் மட்டும் விதியை மீறுகின்றன. ஆடத் தெரியாத இருவரை வைத்து இதே காட்சியை எடுத்திருந்தால், கேமரா கால்களை மறைக்கவும் வெட்டி ஒட்டவும் பாடுபட்டிருக்கும். பார்வைகள் சந்திக்கும் அந்தத் தொடர்ச்சி கிடைத்திருக்காது.

அதே 2012இல் ஜோ ரைட் இயக்கிய ‘அன்னா கரேனினா’வில் கிட்டி என்ற இளம்பெண்ணாக வந்தார். ஒரு பழைய நாடக அரங்குக்குள்ளேயே பெரும்பகுதிக் கதை நடப்பதுபோல் அமைக்கப்பட்ட அந்தப் படத்துக்கு, பெல்ஜியம் நாட்டு நடன அமைப்பாளர் சிடி லார்பி ஷெர்க்காவி அசைவுகளை வடிவமைத்தார். விருந்து நடனத்தில் தன்னை மணக்கக் கேட்பான் என்று நம்பிக் காத்திருந்தவன் வேறொருத்தியிடம் மயங்குவதைக் கிட்டி பார்க்கும் காட்சியைத்தான் எல்லாரும் குறிப்பிடுவார்கள். எனக்கு அதைவிட முக்கியமாகத் தோன்றுவது பிற்பகுதியில் வரும் சிறு காட்சி. கணவனின் தமையன் சாகக் கிடக்கிறார்; கிட்டி உடையின் கைப்பகுதியைச் சுருட்டிக்கொண்டு, தமையனின் துணைவியான மாஷாவோடு சேர்ந்து, நோயாளியின் உடலைத் துடைத்துவிடுகிறாள். மாஷாவாக நடித்தவர் இந்திய நடிகை தனிஷ்டா சாட்டர்ஜி. பேச்சு ஏறக்குறைய இல்லை. விருந்தில் செல்லம் கொஞ்சும் பெண்ணாக வந்தவள் மனைவியாக முதிர்ந்துவிட்டாள் என்பதை, ஈரத்துணியைப் பிழிந்து ஓர் உடலைத் தொடும் கைகளின் நிதானமே சொல்லிவிடுகிறது.

இப்போது ‘எக்ஸ் மாக்கினா’வுக்குத் திரும்பலாம். அலெக்ஸ் கார்லண்ட் எழுதி இயக்கிய இந்தப் படத்தில், செயற்கை நுண்ணறிவு பெற்ற ஏவாவை ஓர் இளம் நிரலாளர் கண்ணாடிச் சுவருக்கு அப்பாலிருந்து சோதிக்கிறார். நிரலாளராக நடித்த டோம்னல் கிளீசன்தான் ‘அன்னா கரேனினா’வில் கிட்டியின் கணவராக வந்தவர். ஏவாவின் முகமும் உள்ளங்கைகளும் விரல்களும் மனித வடிவில் இருக்கும். வயிற்றுப் பகுதியும் புயங்களும் கால்களும் ஒளி ஊடுருவும் இயந்திரமாகத் தெரியும். படப்பிடிப்பின்போது விகாண்டர் உடலை ஒட்டிய வலை போன்ற உடையை அணிந்து நடித்தார். பின்னணியைக் கணினியில் மாற்றுவதற்காக வழக்கமாக வைக்கும் பச்சைத் திரையை வைக்கவில்லை. ஒவ்வொரு காட்சியும் முடிந்த பின் நடிகர்களை விலக்கிவிட்டு வெற்று அறையை மீண்டும் ஒரு முறை படம்பிடித்துக்கொண்டு, பிறகு கணினியில் உடையின் பகுதிகளை நீக்கி, உலோகத்தையும் பின்னணியையும் அங்கே பொருத்தினார்கள். அதாவது உடலின் பாதி அழிக்கப்பட்டாலும் அசைவு முழுக்க அவருடையதே. சுமார் 1.5 கோடி டாலர் செலவில் எடுக்கப்பட்ட இந்தச் சிறிய படம், பெரும் பொருட்செலவில் உருவான போட்டிப் படங்களை முந்திக்கொண்டு 2016இல் காட்சி விளைவுகளுக்கான ஆஸ்கரை வென்றது.

இயந்திரமாக நடிக்கச் சொன்னால் பெரும்பாலோர் வெட்டி வெட்டி அசைவார்கள், கைகளை விறைப்பாக வைத்துக்கொள்வார்கள். விகாண்டர் தேர்ந்த வழி வேறு. மனித அசைவைத்தான் செய்வது, ஆனால் அதை மனிதர் யாரும் செய்யாத அளவுக்குப் பிழையின்றிச் செய்வது. நாம் நாற்காலியில் உட்காரும்போது ஒரு முறை நெளிகிறோம், உடையைச் சரிசெய்கிறோம், காலை மாற்றிப் போடுகிறோம். ஏவாவிடம் அந்தச் சில்லறைச் சலனங்கள் இல்லை. தொடங்கிய அசைவு தேவையான இடத்தில் முடிகிறது. முடிந்த பின் அதன் மிச்சம் எதுவும் உடலில் ஆடிக்கொண்டிருப்பதில்லை. பாலே பள்ளியில் ஆசிரியர்கள் ஆண்டுக்கணக்கில் கேட்டது இதைத்தானே! மேடையில் அழகு என்று போற்றப்படும் அதே குணம், ஆட்டம் இல்லாத ஓர் அறையில், நிற்பதற்கும் உட்காருவதற்கும் பயன்படுத்தப்பட்டபோது நமக்கு மெல்லிய அச்சத்தைத் தருகிறது.

ஏவா நிரலாளரைக் கண்களை மூடிக்கொள்ளச் சொல்லிவிட்டு, அலமாரியிலிருந்து உடை ஒன்றை எடுத்து அணியும் காட்சி இதற்குச் சிறந்த சான்று. இயந்திரக் காலின்மேல் காலுறையை ஏற்றுகிறாள், கம்பளிச் சட்டையை மாட்டுகிறாள், குட்டைத் தலைமயிரைப் பொருத்திக்கொள்கிறாள். பெண்ணாகத் தோன்றுவதற்காகச் செய்யும் அச்செயல்களின் ஒழுங்கே அவள் பெண்ணா, பெண்போல் கணக்கிடும் ஏதோ ஒன்றா என்ற ஐயத்தை உயிரோடு வைத்திருக்கிறது. படம் முழுவதும் அந்த ஐயம்தான் கதை.

2016 பிப்ரவரியில் நடந்த அதே விழாவில் விகாண்டருக்குச் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கர் கிடைத்தது, ஆனால் வேறொரு படத்துக்காக. டாம் ஹூப்பர் இயக்கிய ‘தி டேனிஷ் கேர்ள்’ படத்தில், தன் கணவர் லிலி எல்பே என்ற பெண்ணாக மாறுவதை உடனிருந்து பார்க்கும் ஓவியர் கெர்டா வேகெனராக அவர் நடித்திருந்தார். இங்கர்ட் பெர்க்மன் தன் மூன்றாவது ஆஸ்கரைப் பெற்ற 1975க்குப் பிறகு ஸ்வீடன் நாட்டு நடிகை ஒருவருக்கு அந்த விருது கிடைத்தது அதுவே முதல் முறை. இந்தப் படத்தில் உடலைப் புதிதாகக் கற்றுக்கொள்ளும் வேலை, கணவராக நடித்த எட்டி ரெட்மெய்னுடையது. ஓவியத்துக்கு மாதிரியாக நிற்க வேண்டிய நடனக்காரி வராததால் கெர்டா தன் கணவரையே காலுறையும் காலணியும் அணியவைத்து உட்காரச் சொல்லும்போது, கையில் தூரிகையோடு பார்த்துக்கொண்டிருப்பவர்தான் நிஜத்தில் பாலே பயின்றவர். இன்னோர் உடல் தன் அசைவைத் தேடுவதைக் கவனிக்கும் வேடம் அவருக்கு வந்து சேர்ந்தது ஒரு விந்தைதான்.

2018இல் வெளியான ‘டூம் ரைடர்’ சாகசப் படத்தைப் பற்றி நீட்டி எழுத எனக்கு அதிகம் இல்லை. பல மாத உடற்பயிற்சியில் தசையை ஏற்றிக்கொண்டு, ஓடி, தொங்கி, நீந்தி நடித்தார். உழைப்பு கடுமையானது; எனினும் அங்கே கேமரா கேட்டது வலிமையை, நுட்பத்தை அன்று. வலியைப் பொறுத்துக்கொண்டு மீண்டும் எழுந்து நிற்கும் பாலே மாணவியின் பிடிவாதம் வேண்டுமானால் அந்தப் படத்தின் நாயகி லாராவிடம் தெரிகிறது.

அதைவிட நம் கருத்துக்கு நெருக்கமானது ஒலிவியே அசாயாஸ் உருவாக்கி 2022இல் வெளியான ‘இர்மா வெப்’ தொடர். லூயி ஃபெயாத் 1915-16இல் எடுத்த மௌனத் தொடர் படமான ‘லே வாம்பீர்’, கறுப்பு உடையில் உடலை மூடிக்கொண்டு கூரைகளின்மேல் நடமாடும் திருடி இர்மா வெப்பை உலகுக்குத் தந்தது. அந்த வேடத்தில் முசிதோரா நடித்தார். அதை மறுபடியும் எடுக்கும் படப்பிடிப்பில் இர்மாவாக நடிக்க வரும் மிரா என்ற திரை நட்சத்திரத்தின் கதை இது. மௌனப் படத்தின் திருடிக்குக் குரல் கிடையாது. கறுப்புத் துணியும் அதற்குள் அசையும் உடலுமே அவள். உடையை மாட்டியதும் மிராவின் நடையே மாறிப்போகிறது, ஒரு கட்டத்தில் அவள் சுவர்களை ஊடுருவிச் செல்லவும் தொடங்குகிறாள். நடிகையாகப் பேசும் மிராவின் தளர்ந்த, சலிப்பேறிய உடலையும், உடைக்குள் புகுந்த இர்மாவின் ஓசையற்ற உடலையும் ஒரே காட்சிக்குள் மாற்றி மாற்றிக் காட்ட வேண்டியிருந்ததால், பயிற்சியை மறைப்பதும் வெளிக்காட்டுவதும் இங்கே பாத்திரத்தின் உள்ளேயே நடக்கின்றன.

இவற்றைத் தாமே சோதித்துப் பார்க்க விரும்பும் வாசகர், ‘எக்ஸ் மாக்கினா’வில் ஏவாவும் நிரலாளரும் சந்திக்கும் காட்சிகளில் ஒன்றை ஒலியை முற்றிலும் அணைத்துவிட்டுப் பார்க்கலாம். ஒலியோடு பார்க்கும்போது அவள் அசைவுகளுக்குப் பின்னால் மெல்லிய இயந்திர முனகல் ஒன்று சேர்க்கப்பட்டிருப்பது காதில் விழும். அதை நீக்கிய பிறகும் அவள் இயந்திரமாகவே தெரிகிறாளா என்று கவனிக்க வேண்டும். பிறகு கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கும் கிளீசனைப் பார்க்கலாம். அவர் நெளிகிறார், கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் தவிக்கிறார், முகத்தைத் தொட்டுக்கொள்கிறார். எதிரே இருப்பவளின் கைகள் வைத்த இடத்திலேயே இருக்கின்றன.